காரைக் கல்லும் காரக்கோரமும்: ஃபெர்டினாண்டு ஸ்டோலிச்காவின் வாழ்வு

பெரம்பலூர் மாவட்டத்து ஆலத்தூர் வட்டத்தில் காரை என்றோர் ஊர் உண்டு. அவ்வூரைக் கடந்து கொளக்காநத்தம் செல்லும் வழியில் சிறிது தொலைவு சென்றால் நிலத்தின் முகம் மாறிவிடுவதைக் காணலாம். வயல் மறையும், மரம் மறையும், புல்லும் அருகிவிடும். மழைநீர் அரித்த பள்ளங்களும் மேடுகளுமாய்ச் சாம்பல் நிறமும் மஞ்சளும் செம்பழுப்பும் கலந்த களிமண் நிலம் கண்ணுக்கெட்டிய மட்டும் விரிந்து கிடக்கும். இடையிடையே ஜிப்சத் தகடுகள் வெயிலில் கண்ணாடிபோல் மின்னும். ஆண்டுதோறும் வகுப்பறையில் பாலைத்திணையைப் பாடம் சொல்லிவரும் எனக்கு, பாலை என்ற சொல்லின் வெம்மையை உள்ளங்காலில் உணர்த்திய இடம் அதுவே.

சில ஆண்டுகளுக்கு முன் மாணவியருடன் அங்குச் சென்றிருந்தேன். முதலாமாண்டு மாணவி ஒருத்தி சுருள் வடிவக் கல்லொன்றை எடுத்துவந்து, அம்மா, இதற்குத் தமிழில் என்ன பெயர் என்று வினவினாள். சங்கு என்று சொல்ல வாயெடுத்தேன். ஆனால் அது சங்கன்று. நத்தையும் அன்று. எட்டு வகை வனப்பையும் பெயர் சொல்லிப் பிரித்தறியும் மொழியில் முனைவர் பட்டம் பெற்றவள், தன் மாவட்டத்து மண்ணில் கிடக்கும் ஒரு கல்லின் பெயர் அறியாது நின்றேன். வீடு திரும்பிய பின் நூல்களைப் புரட்டியபோது, அது கணவாய்க்கு உறவுடைய, அழிந்துபோன ஒரு கடலுயிரின் ஓடு என்றும், அம்மோனைட்டு என்பது அதன் பெயர் என்றும் அறிந்தேன். அவ்வினத்தின் பல பிரிவுகளுள் ஒன்று ஸ்டோலிச்காயியா என்று வழங்கப்படுவதும், அது நம் பகுதிப் பாறைகளிலும் கிடைப்பதும் அப்போது தெரியவந்தன. அப்பெயருக்கு உரியவர் யார் என்று தேடிச் சென்றதன் பயனே இக்கட்டுரை.

நம் இலக்கிய வட்டத்தின் பத்தாமாண்டு மலரில் கவிஞர் ஒருவரின் வாழ்வன்றோ இடம்பெற வேண்டும் என அன்பர்கள் எண்ணக்கூடும். கவிதை எழுதியவர் அல்லர் ஸ்டோலிச்கா. எனினும் நம் மண்ணின் மிகப் பழைய ஏட்டை வரிவரியாகப் படித்துப் பொருள் சொன்னவர்; பின்னர்ப் பாலை கடந்து சென்று மீளாதவர். அவ்விரு காரணங்களால் அவர் நமக்கு அயலார் அல்லர்.

காட்டு வீட்டில் பிறந்தவர்

ஃபெர்டினாண்டு ஸ்டோலிச்கா 1838-ஆம் ஆண்டு அன்றைய ஆஸ்திரியப் பேரரசைச் சேர்ந்த மொராவியாவில் பிறந்தார். இன்று அப்பகுதி செக் நாட்டில் உள்ளது. க்ரோமியெரீஷ் நகரை அடுத்த காட்டில் வேட்டை மாளிகையொன்று இருந்தது. அவர் தந்தையார் ஓலமூட்சுப் பேராயரின் நிலத்தில் காடு காக்கும் பணி புரிந்தவராதலின், குழந்தையின் பிறப்பு அம்மாளிகையில் நிகழ்ந்தது. மரம், பறவை, பூச்சி, புழு ஆகியவற்றோடு வளர்ந்த பிள்ளைக்குப் பிற்காலத்தில் இயற்கையின் எத்துறையும் அயலாக இல்லாமற் போனதற்கு இவ்விளமையே வித்திட்டது எனலாம்.

பள்ளிக் கல்வி முடிந்தபின் வியன்னாப் பல்கலைக்கழகத்தில் எடுவர்டு சூயெஸ் என்னும் பெரும் நிலவியல் அறிஞரிடம் பயின்றார். 1861-இல் டூபிங்கன் பல்கலைக்கழகத்தின் முனைவர் பட்டம் பெற்றார். ஆஸ்திரிய நிலவியல் ஆய்வுத்துறையில் சேர்ந்து ஆல்ப்ஸ் மலையிலும் அங்கேரியிலும் களப்பணி செய்தார். அப்போது அவருக்கு அகவை இருபத்து மூன்று.

அக்காலத்தில் இந்திய நிலவியல் ஆய்வுத்துறையின் தலைவராக இருந்தவர் தாமஸ் ஓல்டாம். இந்நாட்டுப் பாறைகளிலிருந்து வந்து குவிந்த புதைபடிவங்களைப் படித்தறிய வல்ல இளைஞர்களை அவர் ஐரோப்பாவெங்கும் தேடிக்கொண்டிருந்தார். அவர் தேர்ந்தெடுத்தவர்களுள் ஒருவர் ஸ்டோலிச்கா. 1862-இல் அவர் கல்கத்தா வந்து பணியேற்றார்.

அரியலூர்ப் பெட்டிகள்

கல்கத்தாவில் அவருக்காகக் காத்திருந்தவை நம் பகுதியிலிருந்து சென்ற கற்பெட்டிகளே. அவற்றின் வரலாற்றைச் சுருக்கமாகச் சொல்லியாக வேண்டும். 1840-களின் தொடக்கத்தில் சென்னை அரசுப் பணியிலிருந்த கே, கன்லிப் என்னும் இருவர் புதுச்சேரி, விருத்தாசலம், திருச்சிராப்பள்ளிப் பகுதிகளில் கடலுயிர்ப் படிவங்களைத் திரட்டினர். அவை இங்கிலாந்து சென்றன. எட்வர்டு போர்பஸ் என்னும் அறிஞர் 1846-இல் அவற்றை விளக்கி எழுதினார். புதுச்சேரிப் பக்கத்து அம்மோனைட்டுகளுக்கு இந்திரன், சூரியன், பிரமன், விஷ்ணு என நம் தெய்வங்களின் பெயர்களை அவர் இட்டார் என்பது சுவையான செய்தி. கண்டகி ஆற்றில் கிடைக்கும் அம்மோனைட்டுக் கல்லைச் சாளக்கிராமம் என்று நெடுங்காலமாகப் போற்றி வழிபட்டுவரும் நாடு இது. அதை அறிந்தோ அறியாமலோ அந்த ஆங்கிலேயர் செய்த பெயரீடு பொருத்தமாகவே அமைந்துவிட்டது.

அடுத்து, 1857 தொடங்கி 1860 வரை ஹென்றி பிளான்போர்டு என்பார் தம் துணைவருடன் தென்னார்க்காடு, திருச்சிராப்பள்ளி மாவட்டங்களை நடந்து அளந்து நிலவியல் வரைபடம் வகுத்தார். நம் பாறைகளை அடியிலிருந்து முறையே ஊட்டத்தூர்த் தொகுதி, திருச்சிராப்பள்ளித் தொகுதி, அரியலூர்த் தொகுதி என மூன்றாகப் பகுத்துப் பெயரிட்டவர் அவரே. ஏறத்தாழ 11 கோடி ஆண்டுகளுக்கு முன் கடல் இந்நிலத்தில் ஏறியது. முன்னும் பின்னுமாக அலைந்து, சுமார் 6½ கோடி ஆண்டுகள் வரையிலும் அதற்குப் பின்னும் படிவுகளை விட்டுச் சென்றது. இன்று உலக நிலவியல் நூல்கள் எதிலும் அரியலூர் என்னும் பெயரைக் காணலாம். ஊட்டத்தூரும் அவ்வாறே. மாவட்டத் தலைநகராகும் முன்பே, நூற்றைம்பது ஆண்டுகளுக்கு மேலாக, நம் ஊர்ப்பெயர்கள் காலத்தின் பெயர்களாக வழங்கிவருகின்றன.

பிளான்போர்டு திரட்டிய கற்கள் ஆயிரக்கணக்கானவை. பெலம்னைட்டு, நாட்டிலசு ஆகிய இரு குடும்பங்களை மட்டும் விளக்கிவிட்டு அவர் வேறு பணிக்குச் சென்றார். எஞ்சிய அனைத்தும் இருபத்து நான்கு வயது இளைஞரான ஸ்டோலிச்காவின் மேசைக்கு வந்தன. பத்தாண்டுகள் அப்பணி நடந்தது. அம்மோனைட்டுகள் முதலில் முடிந்தன. 1867, 1868-ஆம் ஆண்டுகளில் நத்தையினங்கள் பற்றிய தொகுதி 497 பக்கங்களிலும், 1870, 1871-ஆம் ஆண்டுகளில் சிப்பியினங்கள் பற்றிய தொகுதி 537 பக்கங்களிலும் வெளிவந்தன. பவளம், கடல் முள்ளெலி முதலியவற்றைக் கொண்ட நான்காம் தொகுதி 1873-இல் நிறைவெய்தியது. தென்னிந்தியக் கிரெட்டேசிய உயிரினங்கள் என்னும் பொருள்பட்ட பெயருடைய இந்நான்கு தொகுதிகளே இன்றளவும் அத்துறையின் மூல நூல்களாம்.

இத்தொகுதிகளில் ஓர் இயல்பு என்னை ஆட்கொண்டது. ஒவ்வோர் உயிரினத்தையும் விளக்கியபின், அது எவ்வூரில், எத்தொகுதிப் பாறையில் கிடைத்தது என்று தவறாது குறிக்கப்பட்டுள்ளது. அரியலூரின் பெயராலும் ஒட்டக்கோயிலின் பெயராலும் அம்மோனைட்டு இனங்கள் பெயர் பெற்றன. ஒரு சுவடியைப் பதிப்பிப்பவர் அது எந்த ஊரில், எவர் வீட்டில் கிடைத்தது, எந்தப் பிரதியில் என்ன பாடம் என்று குறிப்பதை ஒத்தது இது. ஊர்ப்பெயர் இல்லாத கல், முதலும் ஈறும் சிதைந்த ஏடுபோல்வது. எழுத்து இருக்கும், இடம் தெரியாது.

பதிப்பு என்றதும் மற்றொன்று நினைவுக்கு வருகிறது. கல்கத்தாவில் அரியலூர்க் கற்கள் படிக்கப்பட்டுக்கொண்டிருந்த அதே ஆண்டுகளில், அரியலூரிலும் குன்னத்திலும் செங்கணத்திலும் ஒரு சிறுவர் தமிழ் பயின்றுகொண்டிருந்தார். 1855-இல் பிறந்த உ.வே. சாமிநாதையரே அவர். அவர் பின்னாளில் ஊர் ஊராகச் சென்று செல்லரித்த ஏடுகளைத் தேடி மீட்டதைத் தமிழுலகம் அறியும். அச்சிறுவர் நடந்த வண்டிப் பாதைக்குக் கீழே கிடந்த கற்களும் அப்போது ஒருவரால் மீட்கப்பட்டுக்கொண்டிருந்தன. இருவரும் ஒருவரையொருவர் அறியார். ஒரே மண்ணின் இருவேறு பழமைகளை ஒரே காலத்தில் இருவர் கையிலெடுத்தனர் என்பது நாம் எண்ணி மகிழத்தக்கது.

நிலவியலும் தொல்லியலும்

தொல்லுயிரியல் வேறு, தொல்லியல் வேறு. முன்னது உயிர்களின் பழமையை ஆய்வது. பின்னது மாந்தர் வாழ்வின் பழமையை ஆய்வது. ஆயினும் இரண்டும் ஒரே அடிப்படையின் மேல் நிற்கின்றன. கலையாத படுகையில் கீழே கிடப்பது பழையது, மேலே கிடப்பது புதியது என்னும் எளிய விதியே அது. கங்கைகொண்ட சோழபுரத்து மாளிகைமேட்டில் 1980-களில் தமிழ்நாடு அரசு தொல்லியல் துறையினர் சோழர் அரண்மனையின் செங்கற் சுவர்களையும் கூரை ஓடுகளையும் அகழ்ந்தெடுத்தபோது கைக்கொண்ட விதியும் இதுவே. தொல்லியல் இவ்விதியை நிலவியலிடமிருந்து பெற்றது.

ஸ்டோலிச்கா காலத்து ஆய்வுத்துறை இந்த உறவுக்குச் சான்றாக விளங்கியது. அவருடைய உடன்பணியாளரான இராபர்ட்டு புரூசு பூட்டு 1863 மே மாதத்தில் சென்னையை அடுத்த பல்லாவரத்தில் பழைய கற்காலக் கருவியைக் கண்டெடுத்தார். இந்தியத் தொல்பழங்கால ஆய்வின் தொடக்கமாக அறிஞர் கொள்வது அந்நிகழ்ச்சியையே. ஸ்டோலிச்காவும் இத்துறையில் ஒரு சுவடு பதித்துள்ளார். அந்தமான் தீவுகளுக்குச் சென்ற அவர், கடற்கரையோரம் பெரும் மேடுகளாகக் குவிந்திருந்த கிளிஞ்சல்களைக் கண்டார். அவை அலை ஒதுக்கியவை அல்ல, பன்னெடுங்காலம் அங்கு வாழ்ந்த மக்கள் உண்டு எறிந்தவை என்று அறிந்து, அவற்றிடையே கிடந்த எலும்புகளையும் பானை ஓடுகளையும் கருதிப் பார்த்து, 1870-இல் வங்காள ஆசியக் கழகத்தின் இதழில் குறிப்பு வரைந்தார். பல கோடி ஆண்டுச் சிப்பியைப் படித்துப் பழகிய கண்ணுக்குச் சில நூற்றாண்டுச் சிப்பி மேட்டின் பொருளும் எளிதிற் புலப்பட்டது.

அவர் கால் ஓரிடத்தில் நிற்கவில்லை. 1864-இல் இமயத்தின் ஸ்பிட்டிப் பள்ளத்தாக்கிலும், அடுத்த ஆண்டு லடாக்கிலும் ஆய்வு செய்தார். பர்மா, பினாங்கு, நிக்கோபார் எனச் சென்ற இடமெல்லாம் நத்தை, பாம்பு, தவளை, சிலந்தி, பறவை அனைத்தையும் திரட்டினார். 1871, 1872-ஆம் ஆண்டுகளில் கட்சு நாட்டின் வறண்ட நிலங்களில் பணி புரிந்தார். அங்கு அவர் கண்டு விளக்கிய சிறு பறவையொன்று இன்றும் பறவை நூல்களில் அவர் பெயரால் குறிக்கப்படுகிறது. தார்ப் பாலையிலும் கட்சிலும் புதர் நுனியில் அமர்ந்து வாழும் எளிய பறவை அது. அதே கட்சின் உப்பு வெளிக்கு நடுவே, காதிர்த் தீவில், அரப்பா நாகரிக நகரான தோலாவிரா பின்னாளில் கண்டறியப்பட்டது. 1990-ஆம் ஆண்டையொட்டித் தொடங்கிய அகழாய்வில் அந்நகரின் பெரும் நீர்த்தேக்கங்கள் வெளிப்பட்டன. 2021-இல் அது உலக மரபுச் சின்னமாயிற்று. நெடுங்காலம் வெற்று நிலம் என்று ஒதுக்கப்பட்டதே தோலாவிராவைக் காத்தது. மேலே ஊர் எழாததால் கீழே இருந்த ஊர் கலையாமல் நின்றது.

மூவகைப் பிரிவு

தலைவன் பிரிதற்குரிய காரணங்களாகத் தொல்காப்பியர் ஓதல், பகை, தூது ஆகியவற்றை வகுப்பார். 1873-இல் இந்தியாவிலிருந்து யார்க்கந்து நோக்கிப் புறப்பட்ட குழுவில் இம்மூன்றும் கலந்திருந்தன. இன்று சீனாவின் ஆட்சிக்குட்பட்ட காசுகர், யார்க்கந்து பகுதிகளை அன்று யாகூப் பேக் என்பார் ஆண்டுவந்தார். அவரோடு வணிக உடன்படிக்கை செய்துகொள்ள ஆங்கில அரசு டக்ளஸ் போர்சைத்து என்பவரின் தலைமையில் தூதுக்குழு அனுப்பியது, இது தூது. உருசியப் பேரரசு மத்திய ஆசியாவில் முன்னேறி வருவதைக் கண்காணிப்பது உள்நோக்கம், இது பகை. அக்குழுவில் அறிவியலாளராகச் சென்றவர் ஸ்டோலிச்கா ஒருவரே. அவரது பிரிவு ஓதற்பிரிவு. தென்னிந்தியக் கற்களின் நான்காம் தொகுதியை முடித்துக் கொடுத்த அதே ஆண்டில் அவர் புறப்பட்டார் என்பது குறிப்பிடத்தக்கது. 1870-இல் இதே போர்சைத்தின் முதற் பயணத்தில் திரட்டப்பட்ட பறவைகளை விளக்கி எழுதியவர் ஆலன் ஆக்டேவியன் ஹியூம். பிற்காலத்தில் இந்தியத் தேசியக் காங்கிரசை நிறுவியவராக நாம் அறியும் ஹியூம், அந்நாளில் பெரும் பறவையியல் அறிஞர், ஸ்டோலிச்காவின் அன்பர்.

லே நகரைக் கடந்து, உலகின் மிக உயர்ந்த கணவாய் வழிகளில் ஏறி இறங்கி, குழு நவம்பரில் யார்க்கந்தையும் திசம்பரில் காசுகரையும் அடைந்தது. அந்நகரங்களுக்குக் கிழக்கே தக்கலமக்கான் என்னும் பெரும் மணற்பாலை தொடங்குகிறது. மலைப்பனி உருகி வரும் ஆறுகள் அப்பாலையுள் புகுந்து மணலில் மறைகின்றன. ஆறு திசை மாறினால் ஊர் அழியும், மக்கள் அகல்வர், மணல் மூடும். நம் நாட்டுப் பாலை, முல்லையும் குறிஞ்சியும் வேனிலில் தம் இயல்பு திரிந்து தோன்றுவது என்பது சிலப்பதிகாரம் உணர்த்தும் கருத்து. மழை பெய்தால் அது மீண்டும் காடாகும். தக்கலமக்கானோ மழையையே அறியாத பாலை. மழையின்மையால் அங்கு மரமும் துணியும் தாளும் மட்குவதில்லை. நம் நாட்டில் ஓர் ஓலைச்சுவடி சில நூற்றாண்டு தாங்குவதே அரிது. ஈரமும் செல்லும் அதனை உண்டுவிடும். அப்பாலையிலோ பதினாறு, பதினேழு நூற்றாண்டுகள் கடந்தும் எழுத்துகள் மை மாறாமல் கிடந்தன.

மணலில் புதைந்த நகரங்கள் உண்டு என்ற செய்தி அந்நாட்டு மக்களிடையே வழங்கிவந்தது. போர்சைத்தின் குழுவினர் அதனைக் கேட்டறிந்ததோடு, அங்கிருந்து கிடைத்த புத்தர் உருவத்தையும் நாணயங்களையும் பெற்றனர். 1876-இல் இலண்டனில் நிலநூற் கழகத்தின் முன் போர்சைத்து அப்புதைநகரங்களைப் பற்றியே தனி உரை நிகழ்த்தினார். தூதுக்குழுவின் உடன்படிக்கை சில ஆண்டுகளில் பயனற்றுப் போயிற்று. யாகூப் பேக் 1877-இல் இறந்தார். அவர் அரசும் மறைந்தது. மணலுக்கடியில் நகரம் உண்டு என்ற செய்தியே நிலைத்தது.

திரும்பாத பயணி

குளிர்காலத்தில் ஸ்டோலிச்கா காசுகருக்கு வடக்கே தியான்சான் மலைச் சாரலில் ஆய்வு செய்தார். 1874 வேனிலின் தொடக்கத்தில் குழுவினர் சிலருடன் பாமீர் உயர்நிலத்தைக் கடந்து வாகான் வரை சென்று மீண்டார். சென்ற வழியெல்லாம் பாறை, பறவை, பூச்சி, செடி எனத் திரட்டிக் குறிப்பெழுதினார். பின்னர்க் குழு யார்க்கந்திலிருந்து இந்தியா நோக்கித் திரும்பியது.

சூன் மாத நடுவில் காரக்கோரம் கணவாயைக் கடந்தனர். கடல் மட்டத்திலிருந்து சுமார் 5,500 மீட்டர் உயரமுள்ள வழி அது. புல்லும் முளைக்காத, வழியெல்லாம் மாண்ட குதிரைகளின் எலும்பே அடையாளமாகக் கிடக்கும் குளிர்ப்பாலை. அங்கே அவருக்குத் தலைவலி தொடங்கியது, மூச்சுத் திணறியது. உயரத்தால் வரும் நோய் என்று இன்று நாம் அறிவோம். உடன் தாழ்நிலத்துக்கு இறக்கினால் பிழைக்கலாம் என்பதும் இன்று தெரியும். அன்று அந்த அறிவும் இல்லை. இறங்குவதற்கு அண்மையில் தாழ்நிலமும் இல்லை. 1874 சூன் 19-ஆம் நாள், லடாக்கின் மூர்கோ என்னும் இடத்தில் அவர் உயிர் பிரிந்தது. அகவை முப்பத்தாறு. உடலை லே நகருக்குக் கொண்டுவந்து அடக்கம் செய்தனர். அரசு அங்கு நினைவுத்தூண் எழுப்பியது. கற்களுக்கு இடமும் பெயரும் குறித்தே வாழ்ந்தவருக்குப் பெயர் பொறித்த ஒரு கல் நின்றது.

அவர் திரட்டியவை கல்கத்தா வந்து சேர்ந்தன. 1878 தொடங்கி 1891 வரை பல தொகுதிகளாக அவற்றின் ஆய்வு முடிவுகள் வெளியாயின. அவருடைய நிலவியற் குறிப்புகளையும் பாலூட்டிகள் பற்றிய தொகுதியையும் எழுதியவர் வில்லியம் பிளான்போர்டு. நம் அரியலூர்க் கற்களைத் திரட்டிய ஹென்றி பிளான்போர்டின் உடன்பிறந்தார். அண்ணன் தம்பியருள் ஒருவர் திரட்டியதை ஸ்டோலிச்கா படித்தார். ஸ்டோலிச்கா திரட்டியதை மற்றவர் படித்தார். இடம் குறிக்கப்பட்டிருந்ததால் திரட்டியவர் இல்லாதபோதும் படிக்க இயன்றது. அறிவின் கடன் இவ்வாறு தீர்ந்தது.

பாலை தந்தவை

ஸ்டோலிச்கா மாண்ட அதே வழியில் சில ஆண்டுகளுக்குப் பின் மற்றொரு மரணம் நேர்ந்தது. 1888-இல் தல்கிளீசு என்னும் வணிகர் காரக்கோரம் கணவாய்க்கு அருகே கொல்லப்பட்டார். கொலையாளியைத் தேடிச் சென்ற ஹாமில்டன் பவர் என்னும் படைத்தலைவர் 1890-இல் குச்சா நகரில் பூர்ச்ச மரப்பட்டைச் சுவடியொன்றை விலைக்கு வாங்கினார். மருத்துவ நூல்களைக் கொண்ட அச்சுவடியைக் கல்கத்தாவில் ஹோர்ன்லே என்னும் அறிஞர் படித்தறிந்தபோது, இந்தியாவில் அன்று அறியப்பட்டிருந்த ஏடுகள் எல்லாவற்றினும் அது பழமையானது என்பது புலனாயிற்று. அறிஞர் உலகின் கண் பாலையின் மேல் திரும்பியது.

1900-இல் ஆரல் ஸ்டெயின் தம் முதற் பயணத்தைத் தொடங்கினார். 1901-இல் நியா என்னுமிடத்தில் மணலை விலக்கியபோது, கரோட்டி எழுத்தில் பிராகிருத மொழியில் எழுதிய மரப்பலகைகள் நூற்றுக்கணக்கில் கிடைத்தன. சில பலகைகளில் கட்டிய கயிறும் களிமண் முத்திரையும்கூடக் கலையாமல் இருந்தன. 1907-இல் துன்குவாங் குகைகளில் அவர் பெற்ற ஏடுகளுள் கி.பி. 868-ஆம் ஆண்டு அச்சான நூலும் ஒன்று. அக்குகைகளைப் பற்றி ஸ்டெயினுக்கு முதலில் எடுத்துரைத்தவர் 1879-இல் அங்குச் சென்றிருந்த லோட்சி என்னும் அங்கேரிய நிலவியலாளர் என்பது கருதத்தக்கது. கல்லைத் தேடிச் சென்றவர் காட்டிய வழியில் ஏட்டைத் தேடியவர் சென்றார்.

இப்பெருமையில் ஒரு குறையும் உண்டு. துன்குவாங் ஏடுகளைச் சிறுதொகை கொடுத்துப் பெற்றுச் சென்றார் என்ற பழி ஸ்டெயினை இன்றும் தொடர்கிறது. சீன மக்கள் அதனை மறக்கவில்லை. அவர் இடக்குறிப்பை நுட்பமாக எழுதியவர். எனினும் இடத்திலிருந்து பொருளைப் பெயர்த்தார். இவ்விரண்டையும் சேர்த்தே எண்ண வேண்டும்.

இறுதியாக ஒன்று

இவ்வளவும் எழுதிய என் மேசைமீது காரையில் எடுத்த ஓர் அம்மோனைட்டு இருக்கிறது. மாணவி கொடுத்தபோது மகிழ்ந்து வாங்கி வைத்துக்கொண்டேன். எந்த மேட்டில், எந்தப் படுகையில் கிடந்தது என்று அவளிடம் கேட்டு எழுதி வைக்கவில்லை. ஸ்டோலிச்காவின் வாழ்வை அறிந்த பின், அழகிய அக்கல் எதையும் சொல்லாத கல் என்பது எனக்குப் புரிந்தது. அதனை ஊமையாக்கியவள் நானே. கல்லமேட்டில் கண்டெடுத்து 1987-இல் பெயரிடப்பட்ட பெருவிலங்கின் எலும்புகள், மாபெரும் தொன்மாக்களுள் ஒன்றுக்குரியவை எனப் பேசப்பட்டவை, காக்க இயலாது சிதைந்து போயின. எஞ்சியவை எழுத்துக் குறிப்பும் வரைபடமுமே. குறிப்பின் அருமை அத்தகையது.

சுண்ணாம்புக்கல் தோண்டும் சுரங்கங்கள் நம் மாவட்டங்களில் ஆழ்ந்துகொண்டே செல்கின்றன. பல குடும்பங்களுக்குச் சோறிடும் தொழில் அது. வேண்டாம் என்று சொல்லும் உரிமை எனக்கில்லை. சாத்தனூரின் கல்மரம் வேலிக்குள் காக்கப்படுகிறது. அரியலூரை அடுத்த வாரணவாசியில் புதைபடிவ அருங்காட்சியகம் உண்டு. இவை நற்செயல்கள். ஆனால் காரையின் வெற்று நிலத்தைப் பயனற்றது என்று எண்ணும் எண்ணம் நம்மிடமிருந்து நீங்கவில்லை. விடுமுறை நாளில் பை நிறையக் கல் பொறுக்கிச் செல்வோரும் குறையவில்லை. நானும் அவர்களுள் ஒருத்தியாக இருந்தேன் என்பதை இங்கே ஒப்புக்கொள்கிறேன்.

பத்தாண்டு நிறைவு காணும் நம் இலக்கிய வட்டத்துக் கவிஞர்கள் பாலையைப் பாடுகிறார்கள், நெய்தலையும் பாடுகிறார்கள். இவ்விரண்டும் ஒன்றன்மேல் ஒன்றாகக் கிடக்கும் நிலம் நம்முடையது. மேலே பாலை, கீழே 10 கோடி ஆண்டு நெய்தல். அங்குச் செல்வோர் கண்டு வரட்டும், தொட்டுப் பார்க்கட்டும், கிடந்த இடத்திலேயே விட்டு, இடத்தை மட்டும் எழுதி வரட்டும். அம்மாணவியின் வினாவுக்குத் தமிழில் ஒரு பெயரும் அமைத்துத் தரட்டும். கிடைத்த இடத்தை எழுதி வைக்கும் அப்பழக்கமே, முப்பத்தாறு வயதில் காரக்கோரத்தின் அடியில் மூச்சடங்கிய அந்த மொராவியருக்கு நாம் செலுத்தும் நன்றியாகும்.